சும்மா சும்மா

புதுச்சேரியின் நெட்டப்பாக்கம் பக்கம் ஒருவர் வாசலில் நின்று "சும்மாதான் வந்தேன்" என்றால் உள்ளேயிருந்து பாய் வரும், சொம்பில் தண்ணீர் வரும். அவர் கிளம்பிப் போன பிறகு வீட்டுக்காரம்மா "சும்மா சும்மா வந்துகினு இருக்காரு" என்று முணுமுணுத்துவிட்டால், அடுத்த முறை பாய் வருவது சந்தேகம். ஒரு சும்மாவில் குற்றம் கிடையாது. பக்கத்தில் இன்னொரு சும்மாவை வைத்ததும் அது புகாராகிவிடுகிறது.

மற்ற அடுக்குச் சொற்கள் இவ்வளவு விஷமம் செய்வதில்லை. மெல்ல மெல்ல நடந்தாலும் நடை மெதுவானதுதான். சின்னச் சின்னக் கல் என்றாலும் கல் சின்னதுதான். ஒரு சொல் எத்தனை தடவை அடுக்கலாம் என்பதற்கு நன்னூல் நான்கு வரை எல்லை கட்டியிருக்கிறது. விரைவு, கோபம், மகிழ்ச்சி, அச்சம், துயரம் என்று அடுக்குவதற்கான காரணங்களையும் உரைகாரர்கள் வரிசைப்படுத்தியிருக்கிறார்கள். பாம்பைக் கண்டவன் பாம்பு பாம்பு என்று கத்துவது அந்தக் கணக்கில் அடங்கும். சும்மா சும்மா அதில் அடங்காது. 'காரணமில்லாமல்' என்பதை இரண்டு முறை சொன்னால் 'கொஞ்சமும் காரணமில்லாமல்' என்றுதானே வரவேண்டும்? இங்கே 'ஓயாமல்' என்று வருகிறது. ஒற்றைச் சும்மாவில் எத்தனை தடவை என்ற பேச்சே இல்லை, இரட்டித்ததும் எண்ணிக்கை வந்து உட்கார்ந்துகொள்கிறது.

(சும்மா என்று பேச ஆரம்பித்தாலே அருணகிரிநாதரையும் தாயுமானவரையும் கையைப் பிடித்து இழுத்து வருவது நம் வழக்கம். இந்த ஒரு தடவை அவர்களைச் சும்மா விட்டுவிடலாம்.)

அந்தக் காலத்தில் இந்த ஊர்ப்பக்கம் சும்மாவுக்கு ஒரு பருவம் இருந்தது. சம்பா அறுவடை முடிந்து, நெல் வீட்டுக்கு வந்து, மாசி பங்குனியில் நிலம் காய்ந்து கிடக்கும். 'கழனி சும்மா கெடக்கு' என்பார்கள். கழனி சும்மா கிடந்தால் ஆளும் சும்மா. மடுகரையிலிருந்து ஏரிப்பாக்கத்துக்கு, கரியமாணிக்கத்திலிருந்து பண்டசோழநல்லூருக்கு நடந்தே போய் அத்தை வீட்டில், சகலை வீட்டில் நாலு நாள் தங்கிவிட்டு வருவதற்கு வேறு காரணம் வேண்டியிருக்கவில்லை. திண்ணை வைத்த வீடு என்றால், சும்மா வருகிறவனுக்கென்றே ஒதுக்கிய இடம் அது. வீட்டுக்குள் வேலை நடந்துகொண்டிருக்கும், வந்தவன் வெளியே உட்கார்ந்திருப்பான், இருவருக்கும் தொந்தரவில்லை. அவன் ஒரு வாரத்தில் நாலாவது தடவையாக வந்து உட்கார்ந்தால்தான் இரட்டைச் சொல் வெளியே வரும். அதுவும் அவன் காதுபட வராது, அடுப்படியில்தான்.

ஆனால் இந்த ஊருக்கு ஒரு தனிச் சங்கடம் இருந்தது. புதுச்சேரியின் கிராமக் கொம்யூன்கள் ஒரே துண்டாக இருப்பவை அல்ல. வில்லியனூர், பாகூர், நெட்டப்பாக்கம், மண்ணாடிப்பட்டு என்று தென்னார்க்காட்டு நிலத்துக்கு நடுவே இங்கொரு துண்டும் அங்கொரு துண்டுமாகப் பிரெஞ்சுக்காரன் வசம் இருந்தன. இந்த வரப்பு பிரான்சு, அடுத்த வரப்பு இந்தியா. சொர்ணாவூர் அணையிலிருந்து பாகூர் ஏரிக்கு ஓடும் பங்காரு வாய்க்காலின் தண்ணீரை யாரும் நிறுத்தி எதற்கு வந்தாய் என்று கேட்கவில்லை. ஆளைக் கேட்டார்கள். 1949-இல் இரு பக்கத்துக்கும் இருந்த சுங்க ஒப்பந்தம் முடிவுக்கு வந்தபின் சாவடிகளில் சோதனை கெடுபிடியானது. துணி, சாராயம், கைக்கடிகாரம் என்று எதையாவது மறைத்து எடுத்துப்போகிறவனும் உண்டு, வெறுங்கையோடு மாமியார் வீட்டுக்குப் போகிறவனும் உண்டு. சாவடிக்காரனுக்கு இருவரும் ஒன்றுதான். எங்கே போகிறாய், எதற்கு என்ற கேள்விக்கு ஊர்க்காரனுக்குத் தெரிந்த ஒரே உண்மையான பதில் 'சும்மா'. உலகத்தில் எந்தச் சுங்கச்சாவடியும் நம்பாத பதிலும் அதுதான்.

அந்த எல்லை முதலில் விட்டுப்போன இடங்களில் நெட்டப்பாக்கம் ஒன்று. 1954 மார்ச் 31 அன்று புதுச்சேரி அரசியல்வாதி எதுவார் குபேர் தலைமையில் வந்தவர்கள் இங்கே இந்தியக் கொடியை ஏற்றினார்கள். விடுவிக்கப்பட்ட பகுதிக்கான தற்காலிக அரசும் இங்கிருந்துதான் நடந்தது. அதே வருஷம் அக்டோபர் 18-ஆம் தேதி கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி வாக்களித்து, 170 பேர் இணைப்புக்குச் சம்மதம் சொன்னார்கள். நவம்பர் 1-இல் ஆட்சி கைமாறியது. சட்டப்படி எல்லாம் முடிய 1962 ஆகஸ்ட் 16 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இந்தப் பக்கத்தைச் சேர்ந்த வெங்கடசுப்பா ரெட்டியார் 1964-இல் முதலமைச்சரானார், பின்னாளில் அவர் மகன் வைத்திலிங்கமும் ஆனார்.

சாவடி போனாலும் வரப்புக் கோடு போகவில்லை. கோட்டுக்கு இந்தப் பக்கம் மதுவுக்கு ஒரு விலை, அந்தப் பக்கம் ஒரு விலை. தமிழ்நாட்டுப் பதிவெண் வண்டியில் சாயந்திரம் வந்து நிற்கிறவரைக் கேட்டால் "சும்மா இப்படி ஒரு ரவுண்டு" என்பார். அவர் திரும்பும்போது சோதனைச் சாவடியில் பையைத் திறக்கச் சொல்வார்கள். "சும்மா சும்மா நிறுத்துறாங்கப்பா" என்று அவரே அலுத்துக்கொள்வார். 2020-இல் கொரோனா ஊரடங்கின்போது எல்லைச் சாலைகளை அடைத்தபோது, சும்மா போய்வருவது இந்த மண்ணில் மறுபடி ஒரு தடவை குற்றமாயிற்று.

இந்த ஒன்றியப் பிரதேசத்திலேயே இந்தச் சொல்லுக்கு அண்ணன் தம்பிகள் இருக்கிறார்கள். ஏனாமில் தெலுங்கு. அங்கே சும்மாவுக்கு 'ஊரிகே'. தமிழ்க் காதில் 'ஊருக்கே' என்று விழும், ஊருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஊரிகே வந்தேன் என்றால் சும்மா வந்தேன். ஊரிகே இரு என்றால் பேசாமல் இரு. ஊரிகே கொடுத்தான் என்றால் காசு வாங்காமல் கொடுத்தான். இரட்டித்தால் 'ஊரிகூரிகே', அதாவது தொட்டதற்கெல்லாம், ஓயாமல். நெட்டப்பாக்கத்து அம்மாவின் முணுமுணுப்பை ஒரு எழுத்து பிசகாமல் ஏனாமில் போய்ச் சொல்லலாம் என்று தோன்றுகிறது. சொல் வேறு, இரட்டிக்கும்போது அது போகிற வழி ஒன்று. மாகேயில் மலையாளம், அங்கே 'வெறுதே' என்பார்கள். நம் வெறுமனேவுக்கு உறவு. 'சும்மா' மலையாளத்திலும் உண்டு, அழுத்தமான சகரத்தோடு. தெற்கே போகப் போக அது அதிகம் காதில் விழும்.

கன்னடக்காரர்கள்தான் இதில் தனி வழி போனவர்கள். 'சும்னே' என்றால் சும்மா. 'சும் சும்னே' என்றால் எந்த முகாந்திரமும் இல்லாமல். முதல் பாதியை வெட்டிச் சின்னதாக்கி முன்னால் ஒட்டிவிட்டார்கள், எண்ணிக்கைப் பொருளும் அவ்வளவாக ஏறவில்லை. நன்னூலாரிடம் கொண்டுபோனால் தமிழைவிடக் கன்னடத்துக்குத்தான் நல்ல மார்க் போடுவார்.

கடல் தாண்டிப் போன சும்மாவின் கதை இன்னும் வேடிக்கை. மலாய் மொழியில் 'சுமா' என்றால் 'மட்டும்', 'வெறுமே'. தமிழ்ச் சும்மாதான் அது என்று சொல்லாராய்ச்சிக்காரர்கள் சொல்கிறார்கள். நாகப்பட்டினம், காரைக்கால் பக்கத்து வணிகர்கள் காலங்காலமாகப் போய்வந்த கடற்கரைகள் என்பதால் ஆச்சரியப்படவும் ஒன்றுமில்லை. இந்தோனேசியாவில் அதை இரட்டித்து 'சுமா-சுமா' என்றால் இலவசம். டீக்கடைப் பேச்சு மட்டுமில்லை, சட்டத்திலேயே இருக்கிறது: 2003-ஆம் ஆண்டின் வழக்கறிஞர் சட்டம், வசதியில்லாதவருக்கு வழக்கறிஞர் 'சுமா-சுமா'வாக உதவ வேண்டும் என்கிறது. அதே வேர் 'பெர்சுமா' என்று மலேசியாவில் நிற்கிறது. கண்காட்சி வாசலில் 'பெர்சுமா' என்று எழுதியிருந்தால் டிக்கெட் வேண்டாம், உள்ளே போகலாம். இந்தோனேசியரிடம் 'பெர்சுமா' என்றால் வீண், பிரயோஜனமில்லை. ஒரே பலகையைப் பார்த்து ஒருவர் உள்ளே போவார், இன்னொருவர் போய் என்ன பயன் என்று திரும்பிவிடுவார். இரண்டு பொருளும் நம் வீட்டிலிருந்து போனவைதான். "சும்மா குடுத்தான்" என்பதில் ஒன்று இருக்கிறது, "சும்மா அலைஞ்சேன்" என்பதில் மற்றது இருக்கிறது.

இலவசம் என்ற பொருளுக்கு நெட்டப்பாக்கத்தில் இன்று நல்ல மவுசு. இலவசம் என்பது அரசாங்கப் பலகையில் எழுதுகிற சொல். வாயில் வருவது 'சும்மா' அல்லது 'ஓசி'. ஓசியில் ஒரு இளக்காரம் உண்டு, வாங்குகிறவனைக் குத்தும். சும்மாவில் அது இல்லை, கொடுக்கிறவனின் தயவுதான் தெரியும். புதுச்சேரியில் ரேஷன் அரிசிக்குப் பதில் வங்கிக் கணக்கில் பணம் போட்ட வருஷங்களில் கடைகள் பூட்டிக் கிடந்தன. 2024 தீபாவளிக்கு மறுபடி திறந்து 10 கிலோ அரிசியும் 2 கிலோ சர்க்கரையும் கொடுத்தார்கள். "கடை சும்மா கெடந்துச்சு, இப்ப அரிசி சும்மா தராங்க" என்று வரிசையில் நிற்கிறவர் சொன்னால் அதில் இரண்டு சும்மா உண்டு, இரண்டுக்கும் வேறு வேறு பொருள். வெளியூர்க்காரருக்கு அகராதி வேண்டும், நெட்டப்பாக்கத்துக்காரருக்கு வேண்டாம்.

சும்மா கிடப்பதில் கொம்யூனுக்கும் பங்கு உண்டு. பிரெஞ்சுக் காலத்தில் கொம்யூனுக்கு மேயர் இருந்தார், அவர் அலுவலகத்துக்கு 'மேரி' என்று பெயர். இன்றும் கொம்யூன் என்ற சொல்லை நாம் மாற்றவில்லை, பலகையில் 'கொம்யூன் பஞ்சாயத்து' என்றுதான் இருக்கிறது. சொல் இருக்கிறது, தேர்ந்தெடுத்த ஆள்தான் இல்லை. 1968-க்குப் பிறகு 2006-இல் ஒரு உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அந்தக் காலம் 2011-இல் முடிந்தபின் ஆணையர்கள்தான் நடத்துகிறார்கள். தேர்தல் வருகிறது, வருகிறது என்ற பேச்சு மட்டும் சும்மா சும்மா வருகிறது.

இந்தச் சொல்லில் எனக்குப் பிடிக்காத ஓர் உபயோகம் உண்டு. "வீட்டுக்காரம்மா என்ன பண்றாங்க?" "வீட்லதான், சும்மா இருக்காங்க." விடியுமுன் வாசல் தெளித்து, மாட்டைக் கவனித்து, கழனிக்குச் சோறு கொண்டுபோய், களை எடுத்து, திரும்பிவந்து உலை வைக்கிற பெண்ணைப் பற்றித்தான் அன்றும் இப்படிச் சொன்னார்கள், இன்றும் சொல்கிறார்கள். மாறியது ஒன்று. நூறு நாள் வேலை வந்தபின் அட்டையில் அவள் பெயர் இருக்கிறது, அவள் கணக்கில் கூலி ஏறுகிறது. உடனே டீக்கடையில் பேச்சும் மாறியது: "ஏரிக்கரையில சும்மா உக்காந்துட்டுக் காசு வாங்குறாங்க." கூலி இல்லாதபோதும் சும்மா, கூலி வந்தபோதும் சும்மா. டீக்கடை பெஞ்சில் காலையிலிருந்து உட்கார்ந்திருப்பவரை மட்டும் யாரும் இந்தச் சொல்லால் தொடுவதில்லை.

கழனிக்கே இன்று சும்மா என்றால் வேறு பொருள். முன்பு அறுவடைக்கும் அடுத்த நடவுக்கும் நடுவில் நிலம் சும்மா கிடந்தது. இப்போது சாலையோரத்து நிலத்தில் மனைக்கல் நட்டு, பெயர்ப்பலகை வைத்து, வருஷக்கணக்காகச் சும்மா விட்டிருக்கிறார்கள். விலை ஏறுகிறதாம். உழுதபோது கொடுக்காத வருமானத்தைச் சும்மா கிடந்து கொடுக்கிற நிலத்தைப் பார்த்து, கரும்பு போட்டவர் பெருமூச்சு விடாமல் என்ன செய்வார்?

ஆட்களின் போக்குவரத்துதான் அதிகம் மாறியிருக்கிறது. திண்ணை இருந்த இடத்தில் இரும்புக் கேட்டும் வண்டி நிறுத்தும் இடமும் வந்துவிட்டன. அண்ணன் வீட்டுக்குப் போவதானாலும் போன் போட்டுவிட்டுத்தான் போகிறார்கள். போன் போட்டால் "என்ன விஷயம்?" என்று கேட்பார்கள், கேட்டால் ஒரு விஷயம் சொல்ல வேண்டும். பத்திரிகை வைக்க, பத்திரத்தில் கையெழுத்து வாங்க, ஆஸ்பத்திரியில் பார்க்க. ஒற்றைச் சும்மாவுக்கு வீட்டில் இடம் சுருங்கிவிட்டது. அது போனுக்குள் குடிபோய்விட்டது. "சும்மாதான் கூப்பிட்டேன்" என்பதைக் கேட்டு இன்னும் சந்தோஷப்படுகிறார்கள், துபாயில் இருக்கும் மகன் சொன்னால் இரண்டு நாளைக்கு அதையே சொல்லித் திரிகிறார்கள். இரட்டைச் சும்மா மனிதர்களை விட்டுவிட்டு இயந்திரத்தின் மேல் ஏறிவிட்டது. லோன் வேணுமா என்று சும்மா சும்மா கூப்பிடுகிறான். கரண்ட் சும்மா சும்மா போகிறது. இந்தப் பையன் சும்மா சும்மா போனையே எடுத்துப் பார்க்கிறான். பக்கத்து வீட்டுக்காரர் சும்மா சும்மா வருகிறார் என்று புகார் சொல்லக் கேட்டு நாளாயிற்று. அவர் வருவதே இல்லை.

பையன்களிடம் அந்த இரட்டைச் சொல்லுக்குப் புதிதாக ஒரு பொருளும் முளைத்திருக்கிறது. "சும்மா சொன்னேன்" என்பதைச் சுருக்கி, ஒருவரை ஏமாற்றிவிட்டு, அவர் முகம் மாறுவதற்குள் "சும்மா சும்மா!" என்று சிரிக்கிறார்கள். விளையாட்டுக்குச் சொன்னேன், நம்பாதே என்று அர்த்தம். பழைய தலைமுறைக்கு இது இன்னும் போய்ச் சேரவில்லை. காலையில் மடுகரை பஸ்ஸை விட்டுவிட்டேன் என்று பேரன் வாசலில் வந்து நிற்கிறான். ஆயா பதறுகிறார். "சும்மா சும்மா, ஆயா!" என்கிறான்.

"சும்மா சும்மா விட்டா காலேஜுக்கு எப்படிடா போவ?" என்கிறார் ஆயா.