ஊமைப்படக் குறும்பும் கோகுலத்துக் கண்ணனும்

1895 டிசம்பர் 28 அன்று லூமியர் சகோதரர்கள் பாரிஸில் கட்டணம் பெற்றுக்கொண்டு திரையிட்ட பத்துப் படங்களுள் ஒன்று, ஒரு நிமிடத்துக்கும் குறைவாக ஓடும் ஒரு தோட்டக்காரரின் கதை. அவர் செடிகளுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருக்கையில் பின்னால் வரும் சிறுவன் குழாயை மிதிக்க, நீர் நின்றது ஏன் என்று அவர் குழாயின் வாயை உற்றுப் பார்க்க, சிறுவன் காலை எடுத்ததும் நீர் முகத்தில் பீறிடுகிறது. முடிவில் சிறுவன் பிடிபட்டு அடி வாங்குகிறான்.

விழுதல், மோதுதல், நனைதல், துரத்துதல் ஆகிய உடலசைவுகளாலேயே சிரிப்பூட்டும் இவ்வகை நகைச்சுவையின் இலக்கணம் முழுவதும் இந்த ஒரே காட்சியில் அடங்கியிருக்கிறது. ஏனெனில் ஏமாறுபவர் அறியாத சூழ்ச்சியைப் பார்வையாளர் முன்னரே அறிந்திருப்பதால், அவரும் குறும்பனுக்குக் கூட்டாளியாகிவிடுகிறார். 1912இல் மாக் சென்னட் தொடங்கிய கீஸ்டோன் நிறுவனமும், 1914இல் அதன்வழித் திரைக்கு வந்த சார்லி சாப்ளினும், ஓரிரு சுருள்களில் முடிந்துவிடும் குறும்படங்களில் இதையே வளர்த்தெடுத்தனர்.

இந்தியாவில் தாதாசாகேப் பால்கே 1919இல் எடுத்த 'காளிய மர்தன்' குறும்படம் அன்று. ஆயினும் அதன் உயிர்நாடி குறும்பே. கண்ணனாக நடித்தவர் பால்கேயின் மகள் மந்தாகினி. வேடமிடாத அச்சிறுமியின் முகத்தில் உணர்ச்சிகள் மாறிமாறித் தோன்றுவதைத் தொடக்கத்தில் காட்டி, அம்முகம் கண்ணனாக மாறிய பின்னரே பால்கே கதைக்குள் செல்கிறார். தோட்டக்காரரை நனைத்தவன் தண்டனை பெறுகிறான். வெண்ணெய் திருடியவனோ யமுனையில் குதித்துக் காளியன் என்னும் நாகத்தை அடக்கி ஊரைக் காக்கிறான். குறும்பைக் குற்றமாகக் கருதாமல் தெய்வத்தின் விளையாட்டாகப் போற்றும் மரபு, ஐரோப்பியப் படம் தராத நிறைவை இங்கே தந்துவிடுகிறது.

மலேசியாவுக்கும் ஊமைப்படத்தோடு பழைய உறவு உண்டு. பிற்காலத்தில் தமிழ்ப் படங்களும் ஓடிய கோலாலம்பூர் கொலிசியம் திரையரங்கு, 1920களின் தொடக்கத்தில் ஊமைப்படக் காலத்திலேயே எழுந்தது. தமிழரும் சீனரும் மலாய்க்காரரும் கலந்து வாழும் இந்நகருக்கு, மொழி தெரியாமலே எல்லாரும் சேர்ந்து சிரிக்கக்கூடிய கலை மிகவும் பொருந்துவதாகும். 'காளிய மர்தன்' பெரும்பகுதி அழியாமல் இன்றும் கிடைக்கிறது. ஆகவே பிரிக்பீல்ட்ஸ், கிள்ளான் வட்டாரத் தமிழ்ப்பள்ளிகளும் கோயில்களும் கிருஷ்ண ஜெயந்தியையொட்டி இதனை லூமியர் படத்துடன் சேர்த்துத் திரையிட்டுக் குழந்தைகளுக்குக் காட்ட முன்வர வேண்டும்.