ஈஸ்னோபீலியா: பேர் தெரிஞ்சா போதுமா?



போன மாதம் பேத்துப்பாறை குழுக் கூட்டத்தில் ஒரு கடன் மனு வந்தது. காரணம் என்ற இடத்தில் "ஈஸ்னோபீலியா வைத்தியச் செலவு" என்று எழுதியிருந்தது. மனு கொடுத்த அக்காவுக்கு ஆறு மாதமாக இருமல். பகலில் காப்பித் தோட்டத்தில் வேலை பார்க்கும்போது அவ்வளவாகத் தெரியாது. ராத்திரி படுத்தால்தான் இருமி இருமித் தூக்கமே போய்விடும், நெஞ்சில் விசில் மாதிரி சத்தம் கேட்கும். உடம்பும் இளைத்துவிட்டது. முதலில் மலைக் குளிர் ஒத்துக்கொள்ளவில்லை என்று விட்டுவிட்டார்கள். அப்புறம் ஓரிடத்தில் எக்ஸ்ரே எடுத்து, நுரையீரல் முழுக்கப் பொட்டுப் பொட்டாக இருக்கிறது, டி.பி.யாக இருக்கலாம் என்றார்கள். சளிப் பரிசோதனையில் கிருமி இல்லை. இன்னோர் இடத்தில் "இது ஈஸ்னோபீலியாம்மா" என்று ஊசி போட்டார்கள். நாலு நாள் நன்றாக இருந்தது, அஞ்சாம் நாள் பழையபடி இருமல்.

கூட்டம் இரண்டு கட்சியாகிவிட்டது. "டி.பி.ன்னு சொன்னாங்கள்ல, எதுக்கும் கொஞ்சம் தள்ளி உக்காரட்டும்" என்றார் ஒருவர். "ஈஸ்னோபீலியா எனக்குந்தான் இருக்கு. தும்மல் வரும், போகும். இதுக்கெல்லாம் கடனா?" என்றார் இன்னொருவர். அந்த அக்கா எதுவும் பேசாமல் வாசப்படி ஓரமாகப் போய் உட்கார்ந்துகொண்டார். அன்றைக்கு நான் சொன்னதையும், சொல்ல மறந்ததையும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

ஈஸ்னோபில் என்பது வியாதி இல்லை. நம் ரத்தத்தில் இருக்கிற வெள்ளை அணுக்களில் ஒரு வகை. எல்லார் உடம்பிலும் உண்டு. ஜெர்மனியைச் சேர்ந்த பால் எர்லிக் என்ற விஞ்ஞானி 1879இல், ஈயோசின் என்ற சிவப்புச் சாயத்தை இந்த அணு நன்றாக இழுத்துக்கொள்வதைப் பார்த்து இந்தப் பேரை வைத்தார். புழு பூச்சி உடம்புக்குள் புகுந்தாலும், ஒவ்வாமை வந்தாலும் இந்த அணுக்கள் பெருகும். பெருகிப் போனால் அதற்கு ஈஸ்னோபீலியா என்று பேர்.

நம்ம ஊரில் ராத்திரி வெடிச் சத்தம் கேட்டால் என்ன நினைப்போம்? தோட்டத்துக்குள் ஏதோ வந்துவிட்டது, விரட்டுகிறார்கள் என்று நினைப்போம். வந்தது யானையா, காட்டுமாடா, பன்றியா என்று சத்தத்தை வைத்துச் சொல்ல முடியாது. ஈஸ்னோபில் அந்த வெடிச் சத்தம் மாதிரி. "உனக்கு ஈஸ்னோபீலியா" என்று மட்டும் ஒருவர் சொன்னால், வெடி கேட்டது என்கிறார், அவ்வளவுதான். வந்தது என்னவென்று அவர் இன்னும் சொல்லவில்லை. வெடி நாள் கணக்கில் வெடித்துக்கொண்டே இருந்தால் நம் கூரையே பற்றிக்கொள்ளும். இந்த அணுக்களும் அப்படித்தான், அதிகமாகப் போய் நுரையீரலில் குவிந்தால் நுரையீரலையே புண்ணாக்கும்.

டி.பி. போலவே ஒரு நோய்

நம் அக்காவுக்கு நடந்த குழப்பம் இன்று நேற்று வந்ததில்லை. இன்றைய ஆந்திராவில், அன்றைக்குச் சென்னை மாகாணத்தில் இருந்த மதனப்பள்ளியில் ஒரு பெரிய காசநோய் சானடோரியம் இருந்தது. அங்கே டென்மார்க்கிலிருந்து வந்த டாக்டர் ஃப்ரிமொத்-மொல்லர் பல வருடம் வேலை பார்த்தார். டி.பி. என்று அனுப்பப்பட்டவர்களில் சிலருக்கு எக்ஸ்ரேயில் டி.பி. போலவே பொட்டுகள் இருந்தும் சளியில் கிருமி இல்லை, ரத்தத்தில் ஈஸ்னோபில் மட்டும் ஏகமாக இருந்தது. அவரும் டாக்டர் பார்ட்டனும் 1940இல், இது டி.பி. மாதிரி இருக்கிற வேறொரு நோய் என்று எழுதினார்கள். 1943இல் வெயின்கார்டன் என்ற மருத்துவர் 81 நோயாளிகளைப் பற்றி எழுதி, "ட்ராப்பிக்கல் ஈஸ்னோபீலியா", அதாவது வெப்பமண்டல ஈஸ்னோபீலியா என்று பேர் வைத்தார். காரணம் என்ன என்பது அப்போதும் பிடிபடவில்லை.

1960இல் வேலூர் சி.எம்.சி. மருத்துவமனையைச் சேர்ந்த டாக்டர்கள் வெப், ஜாப், கால்ட் மூவரும் இந்த நோயாளிகளின் நுரையீரலிலும் ஈரலிலும் நெறிக்கட்டியிலும் மைக்ரோஃபைலேரியா இருப்பதைக் காட்டினார்கள். யானைக்கால் நோயைக் கொடுக்கிற ஃபைலேரியாப் புழுவின் குஞ்சுதான் அது. வந்த யானை எது என்று அப்போதுதான் தெரிந்தது!

கொசு கடித்து அந்தப் புழு பலருக்கு உள்ளே போகிறது. சிலருக்குக் கால் வீங்குகிறது, நிறையப் பேருக்கு வெளியே ஒன்றுமே தெரியாது. மிகச் சிலருக்கு மட்டும் உடம்பு அந்தக் குஞ்சுகள்மேல் ரொம்பக் கோபப்பட்டு, அவற்றை நுரையீரலில் பிடித்து அழிக்கிறது. அந்தச் சண்டையில்தான் ராத்திரி இருமல், இளைப்பு, லேசான காய்ச்சல், எடை குறைவது எல்லாம் வருகின்றன. குஞ்சுகள் நுரையீரலிலேயே அழிந்துவிடுவதால் ராத்திரி ரத்தம் எடுத்துப் பார்த்தாலும் புழு கிடைக்காது. கால் வீக்கமும் இருக்காது. அதனால்தான் இது தப்பிவிடுகிறது.

கூட்டம் முடிந்து டீ குடிக்கும்போது அந்த அக்காவிடம் சும்மா பேச்சுவாக்கில் கேட்டேன். கல்யாணமாகி கும்பகோணம் பக்கம் ஒன்பது வருடம் இருந்தாராம். "மாமியாருக்கு யானைக்கால் மேடம், அந்தத் தெருவுல நாலஞ்சு பேருக்கு இருந்துச்சு" என்றார். ஆறு மாதமாக இதை ஒரு டாக்டரிடமும் அவர் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. மலையில் இருக்கிறவருக்கு ஃபைலேரியா எங்கே வரப்போகிறது என்றுதானே நினைப்பார்கள்?

பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனோம். சளியை மறுபடியும் பார்த்து டி.பி. இல்லை என்று முதலில் உறுதி செய்தார்கள். பிறகு ரத்தத்தில் ஈஸ்னோபில் எண்ணிக்கை. ரிப்போர்ட்டில் இதை ஏ.இ.சி. என்று போட்டிருப்பார்கள். சாதாரணமாக 500க்குள் இருக்க வேண்டும். ட்ராப்பிக்கல் ஈஸ்னோபீலியாவில் பெரும்பாலும் 3000ஐத் தாண்டும். இவருக்கு ஆறாயிரத்துச் சொச்சம். ஃபைலேரியாவுக்கான ரத்தப் பரிசோதனையும் எடுத்துவிட்டு, டி.இ.சி. மாத்திரை மூன்று வாரத்துக்கு எழுதிக் கொடுத்தார்கள். சில மாவட்டங்களில் யானைக்கால் மாத்திரை என்று வீடு வீடாக வந்து ஒரே வேளை கொடுத்தார்களே, அதே மருந்துதான். இரண்டாவது வாரத்திலேயே ராத்திரி தூங்கினார்.

மூன்று வாரத்தோடு எல்லாருக்கும் முடிந்துவிடாது. சென்னை காசநோய் ஆராய்ச்சி மையத்தில் 1980களில் நடந்த ஆய்வுகளில், மாத்திரை முடித்த பிறகும் சிலருக்கு நுரையீரலில் அழற்சி மிச்சம் இருந்தது தெரியவந்தது. கவனிக்காமல் விட்டால் நுரையீரல் தழும்பாகி இறுகிவிடும். ஆகவே மறுபரிசோதனை முக்கியம். மாசமாக இருப்பவர்களுக்கு இந்த மாத்திரை கூடாது, டாக்டரிடம் மறைக்காமல் சொல்லுங்கள்.

நெஞ்சில் தண்ணி எடுத்தபோது

அதே கூட்டத்தில் இன்னொரு அக்கா, "எங்க அண்ணனுக்கு நெஞ்சுல தண்ணி கோத்து ஊசியில எடுத்தாங்க, அந்த ரிப்போர்ட்லயும் ஈஸ்னோபில்னு இருந்துச்சே, அதுவும் இதுதானா?" என்று கேட்டார். நல்ல கேள்வி.

நுரையீரலைச் சுற்றி இரட்டைத் துணி மாதிரி மெல்லிய உறை உண்டு. இரண்டுக்கும் நடுவே வழுவழுப்புக்குக் கொஞ்சமே கொஞ்சம் நீர் இருக்கும். அந்த உறை புண்ணானால் மூச்சை இழுக்கும்போது கத்தி குத்துவது போல வலிக்கும். நீர் நிறையச் சேர்ந்துவிட்டால் வலி குறைந்து மூச்சுத் திணறல் கூடும். வலி போச்சு, சரியாச்சு என்று அப்போது ஏமாறுகிறவர்கள் உண்டு. எக்ஸ்ரே, ஸ்கேன் பார்த்து, மரத்துப்போக ஊசி போட்டு, முதுகுப் பக்கமாகக் கொஞ்சம் நீர் எடுப்பார்கள். அதிலுள்ள அணுக்களில் பத்தில் ஒரு பங்கோ அதற்கு மேலோ ஈஸ்னோபிலாக இருந்தால், உறையில் ஈஸ்னோபில் அழற்சி என்று எடுத்துக்கொள்வார்கள்.

இங்கேயும் அது வெடிச் சத்தம்தான். அடிபட்டு ரத்தமோ காற்றோ உள்ளே போயிருக்கலாம், முன்னாடி நீர் எடுத்ததாலேயே வந்திருக்கலாம், நிமோனியா, புழு, சாப்பிடுகிற ஏதாவது மாத்திரை, சில சமயம் புற்றுநோய், அபூர்வமாக டி.பி. சிலருக்குக் காரணமே கிடைக்காது. இந்த அணு இருந்தால் புற்றுநோய் இருக்காது என்று ஒரு காலத்தில் நம்பினார்கள். அது சரியில்லை என்று பிற்பாடு தெரிந்துவிட்டது. "டி.பி. தண்ணி இல்லையாம், அலர்ஜி தண்ணியாம்" என்று வீட்டுக்கு வந்துவிடாமல் என்ன காரணம், அடுத்து எப்போது வர வேண்டும் என்று கேளுங்கள். அந்த அண்ணனையும் ரிப்போர்ட்டோடு திரும்பப் போகச் சொல்லியிருக்கிறேன்.

அந்த நாலு நாள் ஊசி பற்றி ஒன்று சொல்ல வேண்டும். இளைப்புக்குச் சட்டென்று கேட்கிற ஊசிகளில் பெரும்பாலும் ஸ்டீராய்டு இருக்கும். தேவையான இடத்தில் அது உயிர் காக்கும் மருந்து. ஆனால் அதைப் போட்ட பிறகு ரத்தம் எடுத்தால் ஈஸ்னோபில் குறைந்து தெரியும், நோய் ஒளிந்துகொள்ளும். செருப்பில்லாமல் ஈர மண்ணில் வேலை செய்கிறவர்களுக்குக் கால் வழியாக ஏறும் ஒரு வகைக் குடல்புழு, ஸ்டீராய்டு கொடுத்தால் உடம்பெல்லாம் பரவி உயிருக்கே ஆபத்தாகலாம். என்ன ஊசி போட்டார்கள் என்று சீட்டில் எழுதி வாங்குங்கள். எழுதித் தராத இடத்துக்கு இரண்டாம் முறை போவானேன்?

இதைப் படித்துவிட்டு, டி.பி. மாத்திரை சாப்பிடுகிறவர் யாரும் "எனக்கும் ஈஸ்னோபீலியாவா இருக்கும்" என்று நிறுத்திவிடாதீர்கள். நம் பக்கம் டி.பி.தான் மிக அதிகம், ட்ராப்பிக்கல் ஈஸ்னோபீலியா குறைவு. இரண்டு வாரத்துக்கு மேல் இருமல் என்றால் முதலில் சளிப் பரிசோதனைதான். அரசு ஆஸ்பத்திரியில் அதற்கும் டி.பி. மாத்திரைக்கும் காசு இல்லை. கிருமி இல்லை என்று வந்தும் இருமல் நிற்காவிட்டால் அடுத்து ஈஸ்னோபில் எண்ணிக்கை. போகும்போது எந்தெந்த ஊரில் எத்தனை வருடம் இருந்தோம், என்ன மாத்திரை சாப்பிடுகிறோம் என்று ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள்.

கடன் மனு நிறைவேறியது. அதில் மாத்திரைக்குச் செலவானது கொஞ்சம்தான், பஸ்ஸுக்கும் போன கூலிக்குமே பெரும்பங்கு போயிற்று. ட்ராப்பிக்கல் ஈஸ்னோபீலியா இருமினால் ஒட்டாது என்பதையும் கூட்டத்தில் சொல்லியாயிற்று. இந்த மாதம் அந்த அக்கா வாசப்படியில் உட்காரவில்லை, பாய் நடுவில் உட்கார்ந்து சேமிப்புப் பணத்தை எண்ணிக்கொண்டிருந்தார். மறுபரிசோதனைக்குத் துணைக்குப் போவது யார் என்று தீர்மான நோட்டில் எழுதியாயிற்று. தள்ளி உட்காரச் சொன்னாரே, அவர்தான் போகிறார்.