கதவில் ஏல அறிவிப்பு: எந்த நீதிமன்றத்தை நாடுவது?

ராசிபுரத்திலோ ஆத்தூரிலோ திருச்செங்கோட்டிலோ, வீடு கட்டவும் விசைத்தறி வாங்கவும் வங்கிக் கடன் பெற்ற ஒரு குடும்பம் கதவில் ஒட்டப்பட்ட உடைமை அறிவிப்பைக் கண்டதும் முதலில் நினைப்பது உள்ளூர் உரிமையியல் நீதிமன்றத்தைத்தான். அங்கே தடையாணை கோருவது இயல்பாகத் தோன்றும். ஆனால் 2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம், 34ஆம் பிரிவின் மூலம் அவ்வழியை அடைத்துவிட்டது. வங்கியின் செயலே மோசடி என்று காட்ட முடிகிற அரிதான நிலையில் மட்டுமே அந்நீதிமன்றம் தலையிடும். தவறான இடத்தில் தொடுத்த வழக்கு திரும்பி வருவதற்குள், சரியான இடத்துக்குரிய கெடு கடந்துவிடுகிறது.

நீதிமன்றத் தீர்ப்பின்றியே அடமானச் சொத்தை விற்க வங்கிக்கு அதிகாரம் தரும் சட்டம் இது. கடன் வாராக்கடனாக வகைப்படுத்தப்பட்ட பின், 60 நாள் அவகாசத்துடன் முதல் அறிவிப்பு வரும். பலர் அதைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடுகிறார்கள். அதற்கு எழுத்துமூலம் மறுப்புத் தெரிவித்தால், ஏற்காததற்கான காரணத்தை வங்கி 15 நாள்களுக்குள் கூறியாக வேண்டும். அந்தக் காகிதமே பின்னாளில் வழக்குக்கு அடித்தளமாகும்.

உடைமை எடுக்கப்பட்ட நாளிலிருந்து 45 நாள்களுக்குள், 17ஆம் பிரிவின் கீழ், கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம். சேலம், நாமக்கல் மாவட்டங்களுக்கு அது கோயம்புத்தூரில் உள்ளது. கடன் தொகையில் 75 விழுக்காட்டை முன்கூட்டியே கட்ட வேண்டும் என்றிருந்த விதியை உச்ச நீதிமன்றம் 2004இல் நீக்கியது. மேல்முறையீட்டுக்கோ பாதித் தொகை கட்ட வேண்டும். கால் பங்குவரை மட்டுமே குறைக்க இயலும். எனவே முதல் கட்டத்திலேயே முழு வலுவுடன் வாதிட வேண்டியிருக்கிறது. அங்கீகரிக்கப்பட்ட மதிப்பீட்டாளரைக் கொண்டு விலை மதிப்பிடாமை, விற்பனைக்கு 30 நாள் முன்னறிவிப்புத் தராமை ஆகியவை இங்கே எடுபடக்கூடிய வாதங்கள்.

ஏலத்தன்று காலை பணத்தைக் கட்டி வீட்டை மீட்டுவிடலாம் என்ற நம்பிக்கை இன்றும் ஊர்களில் உண்டு. 2016ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் அது செல்லாது. ஏல அறிவிப்பு வெளியான நாளிலேயே மீட்புரிமை முடிந்துவிடுகிறது என்று உச்ச நீதிமன்றம் 2023இல் கூறிவிட்டது.

விவசாய நிலத்துக்குச் சர்ஃபேசி பொருந்தாது. ஆயினும் அடங்கலில் பயிர் பதிவாகியிருப்பது மட்டும் போதாது. நிலத்தின் தன்மையையும் அது உண்மையில் எதற்குப் பயன்படுகிறது என்பதையும் பார்க்க வேண்டும் என்று, இந்தியன் வங்கி தொடர்பான தமிழ்நாட்டு வழக்கொன்றில் 2018இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பயிரின் புகைப்படம், உர ரசீது, பம்புசெட் மின் இணைப்பு எல்லாம் சான்றுகளே.

தனியார் கடன்காரர் புரோநோட்டைக் கொண்டு தீர்ப்பாணை பெற்று வீட்டை ஏலத்துக்குக் கொண்டுவந்தால், நாட வேண்டியது உரிமையியல் நீதிமன்றமே. கூலித் தொழிலாளியும் விவசாயியும் குடியிருக்கும் சொந்த வீட்டை இத்தகைய தீர்ப்பாணைக்காக ஜப்தி செய்ய முடியாது என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவு. அடமானக் கடனுக்கு இப்பாதுகாப்பு இல்லை.

ஏலம் போவது பஞ்சமி நிலமானால் வேறொரு கேள்வி எழும். ஒப்படைப்பு நிபந்தனைப்படி, பத்தாண்டுகளுக்குப் பிறகும் அதை ஒடுக்கப்பட்ட வகுப்பினருக்கு மட்டுமே விற்கலாம். ஏலத்தில் எடுப்பவருக்குக் கடனாளிக்கிருந்த உரிமைக்கு மேல் எதுவும் கிடைப்பதில்லை. நிபந்தனையும் நிலத்தோடு சேர்ந்தே போகிறது. ஆகவே மூல ஒப்படைப்பு ஆவணத்தின் நகலை வட்டாட்சியர் அலுவலகத்தில் கேட்டுப் பெறுவது முதல் வேலை.

கோயம்புத்தூர் சென்றுவரவும் வழக்கறிஞருக்கும் பணமில்லை என்பதே பல குடும்பங்களைத் தடுக்கிறது. 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், 12ஆம் பிரிவில், பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி வழங்குகிறது. தீர்ப்பாயங்களுக்கும் அது பொருந்தும். சேலத்திலும் நாமக்கல்லிலும் உள்ள மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுக்களில், சாதிச் சான்றிதழுடன் அறிவிப்பின் நகலையும் இணைத்து விண்ணப்பிக்கலாம். அந்த விண்ணப்பமும் 45 நாள் கெடுவுக்குள்ளேயே நடந்தாக வேண்டும்.