சிறப்புப் பதிப்பு இசைத் தொகுப்புகள்: 'லாஸ்லெஸ்' முத்திரையை நம்பலாமா?

மும்பை: முலுண்ட் போன்ற புறநகர்ப் பகுதிகளின் இசை ஆர்வலர்கள் ஒரு காலத்தில் அரிய குறுந்தட்டுகளைத் தேடி மின்சார ரயிலில் தென் மும்பைக்குச் சென்று, காலா கோடாவில் இருந்த 'ரிதம் ஹவுஸ்' கடையின் படியேறுவர். அக்கடை 2016-இல் மூடப்பட்டது. இன்று அந்தத் தேடல் 'லாஸ்லெஸ்' எனப்படும் இழப்பற்ற ஒலிக் கோப்புகளை நோக்கித் திரும்பியுள்ளது. ஆனால், முத்திரையை மட்டும் நம்பிப் பணம் செலுத்துவோர் ஏமாற வாய்ப்புண்டு.

குறுந்தட்டில் ஒலி வினாடிக்கு 44,100 முறை, 16 பிட் அளவில் பதிவாகிறது; இது வினாடிக்கு 1,411 கிலோபிட். உயர்தர எம்பி3 கோப்பிலோ 320 கிலோபிட் மட்டுமே. 2001-இல் வெளியான 'ஃபிளாக்' வடிவம், ஒலித்தரவு எதையும் நீக்காமல் கோப்பின் அளவை ஏறக்குறைய பாதியாகக் குறைக்கிறது.

சிக்கல் இங்குதான். எம்பி3 கோப்பை ஃபிளாக்காக மாற்ற சில வினாடிகள் போதும். கோப்பு பெருக்கும், இழந்த ஒலி திரும்பாது. 'ஸ்பெக்' போன்ற இலவச மென்பொருளில் அலைவரிசைப் படத்தைப் பார்த்தால், 16 கிலோஹெர்ட்ஸ் அருகே கத்தியால் வெட்டியதுபோல் ஒலி நின்றிருப்பது பெரும்பாலும் 128 கிலோபிட் எம்பி3-இன் அடையாளம். பழைய ஒலிநாடாவிலிருந்து எடுத்த பாடல்களில் உச்ச ஒலிகள் இயல்பாகவே குறைவு என்பதால், இதை மட்டும் வைத்து முடிவுக்கு வரவும் இயலாது.

உண்மையான லாஸ்லெஸ் கோப்பே ஆனாலும், எந்தப் பதிப்பு என்பது அதைவிட முக்கியம். 1996 நவம்பர் 1-ஆம் தேதி மும்பை அந்தேரியில் பாடிய மைக்கேல் ஜாக்சனின் 'த்ரில்லர்' தொகுப்பு 1982-இல் வெளியானது. 2001-இல் சிறப்புப் பதிப்பும், 2008-இல் 25-ஆம் ஆண்டுப் பதிப்பும் வந்தன. கூடுதல் பாடல்கள் கிடைத்தன. ஆனால் ஒலியளவு உயர்த்தப்பட்டதால், மென்மைக்கும் அதிர்வுக்கும் இடையிலான ஏற்ற இறக்கம் சுருங்கியது. இழப்பற்ற வடிவம் அந்தச் சுருக்கத்தையும் அப்படியே பாதுகாக்கும்!

கையில் அசல் குறுந்தட்டு இருந்தால் அதுவே நம்பகமான மூலம். 'எக்ஸாக்ட் ஆடியோ காப்பி' மென்பொருள் பிழையுள்ள இடங்களைத் திரும்பத் திரும்பப் படித்து, அதே தட்டைப் பிரதியெடுத்த பிறரின் முடிவுகளுடன் ஒப்பிடுகிறது. மழைக்கால ஈரப்பதத்தில் தட்டுடன் வரும் கையேடுகள் பூஞ்சை பிடிக்கும் என்பதால், அவற்றையும் ஸ்கேன் செய்து வைப்பது நல்லது.

இவ்வளவு கவனமாகச் சேகரித்ததைச் சாதாரண புளூடூத் இயர்போனில் கேட்டால், ஒலி வழியிலேயே மீண்டும் சுருக்கப்படும். இழப்பற்ற ஒலியைக் கேட்க கம்பி இணைப்புள்ள ஹெட்போன் எளிய வழி.