புகையில் வேகும் நெஞ்செலும்பு!

கறியை எண்ணெயில் வறுக்கலாம். குழம்பில் கொதிக்க விடலாம். தணலில் சுடலாம்.

புகையில் வேக வைக்க முடியுமா?

முடியும்! ஆட்டு நெஞ்செலும்பை மூன்று மணி நேரம் புகையில் வைத்தால், எலும்பை விட்டுக் கறி தானாகக் கழன்று வரும்.

அமெரிக்காவில் இதற்கு "பார்பிக்யூ" என்று பெயர். அங்கே பெரும்பாலும் பன்றியின் விலா எலும்பில் இதைச் செய்கிறார்கள். ஆனால் பெயர் அமெரிக்காக்காரர்கள் வைத்ததல்ல. கரீபியன் தீவுகளில் வாழ்ந்த டைனோ என்ற பழங்குடி மக்கள், கம்புகளை நட்டு, மேலே குச்சிகளைப் பரப்பி, அதில் இறைச்சியை வைத்துக் கீழே தீ மூட்டினார்கள். அந்தக் குச்சி மேடையின் பெயரில் இருந்துதான் "பார்பிக்யூ" பிறந்தது. நம் ஊர்ச் சொல்லில் சொன்னால், பரண்!

நமக்கும் புகைக் கறி புதிதல்ல. உப்பும் மஞ்சளும் தடவிக் காயப்போட்ட கறிக்கு உப்புக்கண்டம் என்று பெயர். அடைமழைக் காலத்தில் வெயிலுக்கு எங்கே போவது? விறகு அடுப்புக்கு மேலே கொடி கட்டித் தொங்க விடுவார்கள். புகை பட்ட கறியை ஈ அண்டாது.

மாசிக் கருவாடும் அப்படித்தான். சூரை மீனை அவித்து, புகை காட்டி, வெயிலில் உலர்த்தினால் மாசி. 14-ம் நூற்றாண்டில் மாலத்தீவுக்குப் போன இபன் பதூதா இதைப் பற்றி எழுதி வைத்திருக்கிறார்.

என்ன விறகு?

இங்கேதான் ஒரு வேடிக்கை. டெக்சாஸ் மாநிலத்தில் பார்பிக்யூவுக்கு "மெஸ்கீட்" என்ற முள்மரத்தின் விறகைத் தேடி வாங்குகிறார்கள். அது யார் தெரியுமா? நாம் தினமும் திட்டுகிற சீமைக் கருவேலத்துக்குப் பங்காளி! குளத்தில் முளைத்தது, கண்மாயை அடைத்தது என்று நாம் வெட்டித் தள்ளுகிறோம். விளாத்திகுளம் பக்கம் மூட்டம் போட்டு அதைக் கரியாக்குகிறார்கள்.

நன்றாகக் காய்ந்த சீமைக் கருவேலக் குச்சி, கட்டைவிரல் பருமனில் நான்கைந்து போதும். பச்சை விறகு வேண்டாம். கறி கசக்கும். பெயிண்ட் அடித்த பழைய பலகையும் கூடாது. அரளியைக் கையால் தொடவே வேண்டாம். அது விஷம்.

எப்படிச் செய்வது?

பெரிய பாத்திரக் கடைக்கு ஓட வேண்டியதில்லை. வாய் அகன்ற பெரிய மண்தொட்டி ஒன்று, அடியில் ஓட்டை உள்ளது, போதும். மண்பாண்டத்துக்குப் பேர்போன காருக்குறிச்சிப் பக்கம் போனால் சொல்லிச் செய்து வாங்கலாம். (நாதஸ்வரத்துக்கும் அதே ஊர்தான்!) புதுத் தொட்டியை இரண்டு நாள் வெயிலில் காய வையுங்கள். ஈரம் இருந்தால் சூட்டில் வெடித்துவிடும்.

வீட்டுக்கு வெளியே, திறந்த இடத்தில், மூன்று செங்கல் வைத்து அதன்மேல் தொட்டியை ஏற்றுங்கள். கரியை வேறு இடத்தில் மூட்டி, கனிந்து சாம்பல் பூத்த பிறகு தொட்டிக்குள் போடுங்கள். மண்ணெண்ணெய் ஊற்றக் கூடாது. தணலுக்கு மேலே ஓர் இரும்புத் தட்டில் தண்ணீர் வையுங்கள். தீ நேராகக் கறியைத் தொடாது. கொழுப்பும் தணலில் சொட்டாது. அதற்கு மேலே, தொட்டியின் வாய்ப் பக்கமாகக் கம்பி வலை. வலையில் கறி. கடைசியில் மூடி. மூடியில் ஒரு விரல் சந்து விடுங்கள்.

கறிக்கடையில் நெஞ்செலும்பைத் துண்டு போடாமல், பலகையாகவே கேட்டு வாங்க வேண்டும். உள்பக்கத்து மெல்லிய தோலை உரித்துவிடுங்கள். உப்பு, மிளகு, சீரகம், மஞ்சள், நசுக்கிய பூண்டு தடவி ஓர் இரவு குளிர்பெட்டியில் வையுங்கள்.

சூடு 110 முதல் 120 டிகிரி இருந்தால் போதும். அவசரப்பட்டால் கறி ரப்பர் ஆகிவிடும். நெஞ்செலும்பில் சவ்வு அதிகம். அந்தச் சவ்வு மெதுவான சூட்டில்தான் கரைந்து பசை போல ஆகும். அரை மணிக்கு ஒருமுறை கொஞ்சம் தணலும் ஒரு குச்சியும் சேர்த்தால் போதும். நீல நிறத்தில் மெல்லிய புகை வந்தால் சரி. வெள்ளையாகக் குபுகுபுவென்று வந்தால் காற்று போதவில்லை. மூடியை இன்னும் சற்று நகர்த்துங்கள்.

கடைசி அரை மணியில், உடன்குடிக் கருப்பட்டியையும் புளியையும் மிளகாய்த்தூளையும் கரைத்துக் காய்ச்சிய பாகைப் பூசுங்கள். முன்னாலேயே பூசினால் கருப்பட்டி கருகிவிடும்.

எலும்பு நுனியில் அரை விரல் அளவுக்குக் கறி பின்வாங்கி இருக்கிறதா? இறக்கிவிடலாம்.

சிவப்பு வளையம்

வெட்டிப் பாருங்கள். கறியின் ஓரத்தில் ரோஜா நிறத்தில் ஒரு வளையம் தெரியும். வேகவில்லையோ என்று பயப்பட வேண்டாம். புகையில் நைட்ரிக் ஆக்சைடு, கார்பன் மோனாக்சைடு என்ற வாயுக்கள் இருக்கின்றன. அவை கறியின் சிவப்புச் சத்தைப் பிடித்துக்கொள்கின்றன. வெந்த பிறகும் நிறம் மாறுவதில்லை.

கறியைப் பிடிக்கிற கார்பன் மோனாக்சைடு, மனிதனின் ரத்தத்தையும் பிடிக்கும். பிராண வாயுவைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாகப் பிடிக்கும். அதற்கு நிறம் இல்லை. வாசனை இல்லை. தூங்குகிறவனுக்குத் தெரியவே தெரியாது.

2024 ஆகஸ்டில் கொடைக்கானலுக்குச் சுற்றுலா வந்த நண்பர்கள் பார்பிக்யூ செய்தார்கள். குளிருக்கு இதமாக இருக்கட்டும் என்று அந்தக் கரி அடுப்பை அறைக்குள் வைத்துக்கொண்டு தூங்கினார்கள். இரண்டு இளைஞர்கள் விடிந்து எழவில்லை.

புகை வரவில்லையே, தணல் மட்டும்தானே என்று நினைக்காதீர்கள். கண்ணுக்குப் புகையே தெரியாத தணலில் இருந்தும் இந்த வாயு வரும். மழை வந்தாலும் தொட்டியை வராந்தாவுக்கோ அடுக்களைக்கோ தூக்கி வரக் கூடாது. கறியை எடுத்து காஸ் அடுப்பில் மிச்சத்தை வேக வையுங்கள்.

விறகு அடுப்பு நம் வீட்டுப் பெண்களின் கண்ணையும் நெஞ்சையும் வாட்டியது போதும். வீட்டுக்குள் அடுப்புப் புகையால் 2020-ம் ஆண்டில் மட்டும் உலகில் சுமார் 32 லட்சம் பேர் இறந்ததாக உலக சுகாதார நிறுவனம் கணக்கிட்டது. ஆகையால் இந்தப் புகைச் சமையலை வீட்டு ஆண்கள் செய்யட்டும்! முற்றத்தில், மாதம் ஒரு நாள், காற்றுக்கு எதிர்ப் பக்கம் நிற்காமல். புகைக் கறியை அன்றாடம் தின்பதும் உடம்புக்கு ஆகாது.

சாப்பிட்டு முடிந்ததும் தணலை அப்படியே விட்டுப் படுக்கப் போகாதீர்கள். இரும்புச் சட்டியில் அள்ளி, தண்ணீர் ஊற்றி, குச்சியால் கிளறி, மறுபடியும் ஊற்றுங்கள். ஊதிப் பார்த்தால் ஒரு துண்டுகூடச் சிவக்கக் கூடாது. நனைந்த கரியைக் காயப்போட்டால் அடுத்த மாதத்துக்கு ஆகும்.