பழத்தின் ஈரமும் ஸ்கோனின் உயரமும்

பழ ஸ்கோன் என்றதும் பழம்தானே அதில் பிரதானம் என்று நினைப்போம். மாவும் வெண்ணெயும் பாலும் தங்களுக்குள் ஒத்துப்போய்விடும்; வம்பு இழுப்பது பழம் மட்டும்தான். அது கூடவே கொண்டுவரும் தண்ணீரை அடக்கத் தெரிந்தவர் வீட்டில் ஸ்கோன் நிமிர்ந்து நிற்கும். தெரியாவிட்டால் தட்டில் பரந்து படுத்துவிடும்.

நான் நாகர்கோவில்காரி. இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் பிளிமத் நகரத்து மருத்துவமனையில் நர்ஸ் வேலை. நாங்கள் இருப்பது டெவன் மாவட்டம். டாமர் ஆற்றைத் தாண்டினால் கார்ன்வால். ஸ்கோனை வைத்து இந்த இரண்டு மாவட்டத்துக்காரர்களும் போடுகிற சண்டையை அப்புறம் சொல்கிறேன்.

ஸ்கோன் கேக்கும் இல்லை, பன்னும் இல்லை. உள்ளங்கைக்குள் அடங்குகிற வட்டம், மூன்று விரல் உயரம். ஈஸ்ட் போடுவதில்லை, ஆகவே மாவு பொங்கும்வரை காத்திருக்க வேண்டாம். முட்டை கட்டாயமில்லை. சர்க்கரை பேருக்குத்தான். மேல்தோல் லேசாக முறுகி, உள்ளே மெத்தென்று, ஆனால் கொஞ்சம் உதிருகிற மாதிரி இருக்க வேண்டும். சுட்ட அன்றைக்கே தின்றுவிடுவது நல்லது, மறுநாள் வறண்டுபோகும். இரவு ஷிப்ட் முடிந்து வந்து, அரை மணி நேரத்தில் சூடாக எடுத்துவிடலாம் என்பதால்தான் இது என் அடுப்படிக்குள் நுழைந்தது. அந்த நேரத்தில் யார் கேக் செய்வார்கள்?

ஸ்கோனுக்குப் பிறந்த வீடு ஸ்காட்லாந்து. கவின் டக்ளஸ் என்ற ஸ்காட்லாந்துக் கவிஞர் 1513இல் முடித்த ஈனியட் காவிய மொழிபெயர்ப்பிலேயே ஸ்கோன் வருகிறது. அந்தக் காலத்தில் ஓட்ஸ் மாவையோ பார்லி மாவையோ தட்டி, இரும்புக் கல்லில் சுட்டு, துண்டு போட்டுத் தின்றிருக்கிறார்கள். உயரம் எல்லாம் 19ஆம் நூற்றாண்டின் கொடை. பர்மிங்ஹாமில் மருந்துக்கடை வைத்திருந்த ஆல்ஃபிரட் பேர்டின் மனைவிக்கு ஈஸ்ட் ஒத்துக்கொள்ளாது. அவருக்காக 1843இல் கணவர் ஒரு பேக்கிங் பவுடரைக் கண்டுபிடித்தார். 1845இல் பிரிஸ்டல்காரர் ஹென்றி ஜோன்ஸ், மாவிலேயே அந்த மாதிரிப் பொடியைக் கலந்து, செல்ஃப் ரைசிங் மாவு என்று காப்புரிமை வாங்கினார். இன்றைக்கு இங்கே யார் வீட்டு அலமாரியைத் திறந்தாலும் ஒரு பொட்டலம் இருக்கும். நம் ஊரில் அது எளிதாகக் கிடைக்காது. கவலை இல்லை, மைதாவும் பேக்கிங் பவுடரும் சேர்ந்தால் அதுதான்.

அளவைச் சொல்லிவிடுகிறேன். மைதா 225 கிராம், பேக்கிங் பவுடர் இரண்டரை டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூன், சர்க்கரை 25 கிராம், வெண்ணெய் 55 கிராம், பால் 150 மில்லி, உலர்ந்த பழம் 50 முதல் 75 கிராம் வரை. உப்பு போட்ட வெண்ணெயாக இருந்தால் தனி உப்பு வேண்டாம். எட்டு ஸ்கோன் வரும்.

வெண்ணெய் கல்லாக உறைந்திருக்க வேண்டும். சின்னத் துண்டுகளாக மாவில் போட்டு, விரல் நுனியால் மட்டும் நெருடிவிட வேண்டும். உள்ளங்கை படக் கூடாது, சூடு ஏறிவிடும். எங்கள் ஊர்க்காரர்களுக்குப் பதம் சொல்வது சுலபம்: புட்டுக்கு விரவிய மாவு மாதிரி, பிடித்தால் பிடிபட வேண்டும், உதிர்த்தால் உதிர வேண்டும். மாவுத் துகள்மேல் இப்படிக் கொழுப்பு ஏறிக்கொண்டால், பிறகு பால் விடும்போது மைதாவின் பசை இழுபட்டு வலுப்பதில்லை. பரோட்டாவுக்கு அந்தப் பசைதான் உயிர். அதற்காகத்தான் அடித்துப் பிசைகிறோம். ஸ்கோனுக்கு அது ஆகாது. உருகாமல் தங்கிய வெண்ணெய்த் துணுக்குகள் அடுப்புச் சூட்டில் உருகி, அதிலுள்ள நீர் ஆவியாகி, மாவை மேலே தள்ளும். மீதி வேலை பேக்கிங் பவுடருடையது.

பாலை ஒரே தடவையில் ஊற்றி, கத்தி முனையால் நாலு சுற்று கலந்து, பலகையில் கொட்டிச் சேர்த்துக்கொண்டால் போதும். இரண்டு மூன்று தரம் மடித்து, இரண்டரை சென்டிமீட்டர் கனத்துக்குக் கையால் தட்ட வேண்டும். பூரிக்கட்டையை எடுக்கவே வேண்டாம். சப்பாத்தி பிசைந்து பழகிய நம் கைக்கு இதுதான் பெரிய தவம்: வேலை செய்யாமல் இருப்பது. நாகர்கோவிலில் என் மதினி முதன்முதலாகச் செய்தபோது வீடியோ காலில் நான் கூடவே இருந்தேன்.

"கையில ஒட்டுதே, இன்னும் கொஞ்சம் மைதா தூவட்டா?"

"மாவுல தூவாதீங்க மதினி. உங்க கையில மட்டும் தடவிக்குங்க."

ஒட்டுகிற மாவுதான் எழும்பும். கையில் ஒட்டாத மாவு சுட்டதும் கட்டிதட்டிவிடும்.

வெட்டுவதற்கு ஐந்து சென்டிமீட்டர் வட்ட அச்சு வேண்டும். அதை மைதாவில் தொட்டு, நேராக அழுத்தி, நேராக எடுக்க வேண்டும். திருகினால் ஓரம் நசுங்கி ஒட்டிக்கொள்ளும், ஸ்கோன் கோணலாக எழும்பும். எவர்சில்வர் டம்ளரைக் கவிழ்த்து வெட்டலாமே என்று தோன்றும். அதன் விளிம்பு மழுங்கல், அதுவும் நசுக்கும். அச்சு இல்லையென்றால் கூரான கத்தியால் சதுரமாக வெட்டுங்கள், ஒரு குறையும் இல்லை. தட்டில் நெருக்கி வைத்து, தலையில் மட்டும் பால் தடவி, 220 டிகிரியில் பன்னிரண்டு முதல் பதினைந்து நிமிடம் வைக்க வேண்டும். ஓடிஜி அடுப்பானால் மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டையும் போட்டு, கால் மணி நேரம் முன்பே சூடேற்றிவிடுங்கள்.

எங்கள் எதிர்வீட்டில் ஒரு மூதாட்டி இருக்கிறார். கிராமத்துக் கண்காட்சிகளில் ஸ்கோன் போட்டிக்குப் பல காலம் நடுவராகப் போனவர். ஸ்கோனைக் கையில் எடுத்ததும் முதலில் பக்கவாட்டைத்தான் பார்ப்பார். நடு இடுப்பில் தானாக ஒரு வெடிப்பு ஓடியிருக்க வேண்டும். அதில் கட்டை விரலை வைத்தால் இரண்டாகப் பிளந்துவர வேண்டும். ஒருமுறை நான் கத்தியை நீட்டினேன். "கத்தி கேட்டால் அது ரொட்டி, மை லவர்" என்று தள்ளிவிட்டார். இந்தப் பக்கத்தில் கிழவி முதல் பஸ் டிரைவர் வரை யாரையும் இப்படித்தான் கூப்பிடுவார்கள். புதிதாக வந்து இறங்கும் தமிழருக்குத் தூக்கிவாரிப்போடும்.

இனி பழம்.

உலர் திராட்சையில் நீர் நூற்றுக்குப் பதினைந்து பங்கு அளவுதான். ஸ்ட்ராபெரியில் தொண்ணூறைத் தாண்டும். மாம்பழத்திலும் புளூபெரியிலும் எண்பதுக்கு மேல். இந்தக் கணக்கைப் பார்த்தாலே, பழ ஸ்கோன் என்றால் சுல்தானா திராட்சை என்று இங்கே ஏன் வழக்கமாயிற்று என்பது விளங்கிவிடும். வெள்ளைக்காரனுக்கு வேறு பழம் தெரியாமல் இல்லை. திராட்சைதான் மாவை நனைக்காது.

ஆனால் ரொம்பக் காய்ந்த திராட்சை எதிர்ப்பக்கம் வேலை செய்யும். மாவிலுள்ள பாலை அது உறிஞ்சிக்கொள்ளும். அதற்கு ஒரு வழி உண்டு. சூடான கட்டன் சாயாவில், அதாவது பால் சேர்க்காத தேநீரில், இருபது நிமிடம் ஊறவைத்து, வடிகட்டி, துணியில் ஒற்றி, ஒரு ஸ்பூன் மைதாவில் புரட்டிப் போடுங்கள். உப்பலாகவும் இருக்கும், ஒழுகவும் ஒழுகாது. வெட்டிய பிறகு மேலே துருத்திக்கொண்டிருக்கும் திராட்சைகளை உள்ளே அமுக்கிவிட வேண்டும். 220 டிகிரி சூட்டில் வெளியே நிற்கும் திராட்சை கருகிக் கசந்துவிடும்.

பச்சைப் பழம்தான் வேண்டும் என்றால் அதை உறைய வைத்து விடுங்கள். ஆகஸ்ட் கடைசியில் இங்கே வேலியோரம் எல்லாம் பிளாக்பெரி கறுத்துத் தொங்கும். பறித்து, தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி, ஃப்ரீசரில் வைத்து, கல்லாக இருக்கும்போதே மாவில் கடைசியாகச் சேர்த்து, உடனே அடுப்பில் தள்ளிவிடுவேன். பாலில் இரண்டு மேசைக்கரண்டியைக் குறைத்துக்கொள்வேன். அதிதூதர் மிக்கேல் திருநாளான செப்டம்பர் 29க்குப் பிறகு பிளாக்பெரி பறிக்கக் கூடாது என்று இங்கே ஒரு நம்பிக்கை உண்டு. வானத்திலிருந்து தள்ளப்பட்ட சாத்தான் பிளாக்பெரி முள்ளில் வந்து விழுந்து, ஆத்திரத்தில் பழங்கள்மேல் துப்பிவிட்டானாம். சாத்தானை விடுங்கள், அந்தப் பருவத்து மழையில் பழம் நீர்கோத்துப் பூஞ்சை பிடித்துவிடும். ஸ்கோனுக்கு அதுவே போதாதா?

புளூபெரி போடுகிறவர்கள் சமையல் சோடா பக்கம் போக வேண்டாம். அந்தப் பழத்தின் நிறத்துக்குக் காரணமான சாயம் புளிப்பில் சிவக்கும். சோடா போன்ற காரத்தில் நீலமும் பச்சையுமாக மாறும். ஸ்கோனுக்குள் பழத்தைச் சுற்றிப் பச்சை வளையத்தைப் பார்த்துவிட்டுக் கெட்டுப்போனது என்று குப்பையில் போட்டவர்கள் உண்டு. கெடவில்லை, தாராளமாகத் தின்னலாம். பார்க்கத்தான் சகிக்காது.

நாகர்கோவில் அடுப்படியில் வேறு ஒரு பிரச்சினை. பிளிமத்தில் மேசைமேல் வைத்த வெண்ணெய் அப்படியே இருக்கும். அங்கே நெருடத் தொடங்குவதற்குள் எண்ணெயாகிவிடுகிறது. வெண்ணெயை ஃப்ரீசரில் வைத்து, கேரட் துருவியில் மாவுக்கு மேலேயே துருவிவிட்டால் கை வைக்கும் வேலை பாதி குறையும். மைதாவையும் பாத்திரத்தையும்கூட அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைக்கலாம்.

அங்கே கிடைக்கும் பழங்களில் எது தேறும்? பேரீச்சம்பழம் கண்ணை மூடிக்கொண்டு போடலாம். நியூசிலாந்தில் ஸ்கோன் என்றாலே அதைப் போட்டுச் செய்கிறவர்கள் ஏராளம். டூட்டி ஃப்ரூட்டி தண்ணீர் விடாது, ஆனால் பேக்கரி பன் வாசனை வந்துவிடும். பிள்ளைகளுக்குப் பிடிக்கும், எனக்குப் பிடிக்காது. மாம்பழத்தை அப்படியே வெட்டிப் போடாதீர்கள். சாற்றைக் காயவைத்துத் தகடாக்கிய மாமிடி தாண்ட்ரா ஆந்திரக் கடைகளில் கிடைக்கும். கத்தரியால் நறுக்கிப் போட்டால் மாம்பழ மணம் முழுதாக நிற்கும். அன்னாசியைப் பொடியாக நறுக்கி, சர்க்கரை சேர்த்து, நீர் சுண்டி வாணலியில் ஒட்டும்வரை வற்றவைத்து ஆறவிட வேண்டும். வாழைப்பழம் வேண்டவே வேண்டாம். மசிந்து மாவை ஈரமாக்கிவிடும்.

இதையெல்லாம் போனில் கேட்டுக்கொண்டிருந்த அம்மா, "சக்க வரட்டி போட்டா என்ன மக்ளே?" என்றாள். எனக்குத் தோன்றவே இல்லை. பலாச்சுளையை வெல்லமும் நெய்யும் விட்டு மணிக்கணக்காகக் கிண்டுவதே அதன் நீரை ஓட்டத்தானே! நிலக்கடலை அளவுக்கு உருட்டி, மைதாவில் புரட்டி, சர்க்கரையைப் பாதியாக்கிச் செய்ய மதினியிடம் சொன்னேன். ஸ்கோன் எழும்பிற்று. தான் செய்தவற்றிலும் தின்றவற்றிலும் அதற்கு ஈடு இன்னும் அமையவில்லை என்று மதினி சொன்னார். ஊருக்குப் போனபோது தின்று பார்த்து, நானும் ஒப்புக்கொண்டேன்.

ஓவன் இல்லாதவர்கள் ஸ்காட்லாந்துக்காரர்களின் பழைய வழிக்கே போகலாம். மாவைப் பாதிக் கனத்துக்குத் தட்டி, கனமான தோசைக்கல்லில் மிகச் சிறு தீயில், மூடி போட்டு, பக்கத்துக்கு ஐந்தாறு நிமிடம் வேகவிட வேண்டும். இதற்குத் திராட்சை மட்டும்தான் சரிப்படும். எலிசபெத் ராணி 1960 ஜனவரியில் அமெரிக்க அதிபர் ஐசன்ஹோவருக்குக் கடிதத்தோடு அனுப்பிய ஸ்கோன் குறிப்பும் கல்லில் ஊற்றிச் சுடுகிற வகைதான், ஆனால் அது முட்டை விட்டுக் கரைக்கும் மாவு.

எதை முதலில் தடவுவது என்பதில்தான், முன்பு சொன்ன அந்தச் சண்டை. பிளந்த ஸ்கோனில் டெவன்காரர் முதலில் க்ளாட்டட் கிரீமைப் பூசி, அதன்மேல் ஜாம் வைப்பார். கார்ன்வாலில் ஜாம் அடியில், கிரீம் மேலே. இந்தக் கிரீம் நம் பாலேட்டின் பெரியப்பா வீட்டுப் பிள்ளை. கார்ன்வால் வகையில் கொழுப்பு குறைந்தது 55 சதவீதம் இருக்க வேண்டும் என்பது சட்டம். 2018இல் கார்ன்வாலின் லேன்ஹைட்ராக் மாளிகை அன்னையர் தினத்துக்கு ஒரு விளம்பரம் போட்டது. படத்தில் கிரீம் அடியில் இருந்துவிட்டது. ஊரே கொதித்தது. மாளிகைக்காரர்கள் மன்னிப்புக் கேட்டு, இதற்குக் காரணமான ஊழியரை டாமர் பாலத்துக்கு அந்தப் பக்கம் துரத்திவிட்டோம் என்று வேடிக்கையாக அறிவித்தார்கள். அந்தப் பாலத்தில் கார்ன்வாலுக்குள் போகச் சுங்கம் இல்லை, வெளியேறத்தான் கட்ட வேண்டும். பாவம், அந்த ஊழியருக்கு அதுவும் செலவு.

பழ ஸ்கோன்காரர்களுக்கு இந்த வழக்கில் இடமே இல்லை. ஜாமும் கிரீமும் வெறும் ஸ்கோனுக்கு என்பது எதிர்வீட்டு அம்மாவின் தீர்ப்பு. பழம் போட்டதற்கு உப்பு வெண்ணெய் மட்டும், அதுவும் ஸ்கோன் சூடாக இருக்கும்போது. நானும் அந்தக் கட்சிதான். நாகர்கோவிலில் அப்பா அதைக் கட்டன் சாயாவில் முக்கித் தின்கிறார். இந்தச் செய்தியை எதிர்வீட்டில் நான் இன்னும் சொல்லவில்லை.