மாந்தை ஓடும் இரண்டு புத்தகங்களும்

இலங்கையின் வடமேற்குக் கரையில் இருக்கிறது கரைத்தீவு. அதற்குத் தெற்கே புத்தளம். 1344இல் இப்னு பதூதா வந்திறங்கிய கரை. வடக்கே வில்பத்துக் காட்டையும் குதிரைமலையையும் தாண்டிப் போனால் மாந்தை. சீனத்துப் பாண்டங்கள் வந்து இறங்கிய பழைய துறைமுகம் அது.

ஓர் ஓட்டுத் துண்டைப் பார்த்து சீனத்தது என்று எப்படிச் சொல்கிறார்கள்? முதலில் உடைந்த முகத்தைப் பார்ப்பார்கள். நம் மண்சட்டி நீரை உறிஞ்சும்; அதன் உடைவை நாக்கில் வைத்தால் ஒட்டிக்கொள்ளும். பீங்கான் ஏறக்குறைய 1300 பாகை செல்சியஸில் வெந்தது. மண்ணே பாதி உருகிக் கண்ணாடித்தன்மை ஏறிவிடுவதால் நாக்கில் ஒட்டாது, மெல்லிய விளிம்பில் வெளிச்சமும் ஊடுருவும். ஆனால் ஐரோப்பியப் பீங்கானும் அப்படித்தான். ஆகவே அடிவளையம் எப்படிச் சீவப்பட்டிருக்கிறது, மெருகு எங்கே நின்றிருக்கிறது, என்ன சித்திரம் என்று பார்த்துத்தான் சூளையைச் சொல்ல முடியும்.

காலத்தைக் கணிப்பது இன்னும் சுவையானது. ஹுனான் மாகாணத்துச் சாங்ஷா சூளைக் கிண்ணங்களில் மெருகுக்கு அடியில் பழுப்பும் பச்சையுமாகக் கோடுகள் ஓடும். அவை முழுப் பீங்கான் அல்ல, கல்லைப்போல வெந்த வகை. 1998இல் இந்தோனேசியாவின் பெலித்துங் தீவருகே மூழ்கிக் கிடந்த ஒரு கப்பலில் இந்தக் கிண்ணங்கள் அரை இலட்சத்துக்கும் மேல் கிடைத்தன. அதில் ஒரு கிண்ணத்தில் கி.பி. 826க்குச் சமமான சீனத் தேதி கீறப்பட்டிருந்தது. மாந்தையில் கிடைத்த சாங்ஷாத் துண்டுகளை 9ஆம் நூற்றாண்டோடு சேர்த்துப் பார்க்க அது பெரிய துணை.

மாந்தையில் 1980 முதல் தொல்லியலாளர் ஜோன் கார்ஸ்வெல் குழு தோண்டியது. 1984இல் யுத்தச் சூழலால் வேலை நின்றுபோயிற்று. அந்த அகழ்வைப் பற்றிய நூல் அச்சேறியது 2013இல். கிட்டத்தட்ட முப்பது வருடத் தாமதம்! இன்னொரு நூல் வரலாற்றாசிரியர் நொபொரு கராஷிமா தொகுத்து 2004இல் வந்தது. தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் அகப்பட்ட சீன ஓடுகள்தான் அதன் பொருள். இராமநாதபுரத்துப் பெரியபட்டினமும் அதில் வருகிறது. அரண்மனைப் பூச்சாடிகளை வழவழத் தாளில் காட்டும் புத்தகங்கள் ஏராளம் உண்டு, பார்க்க அழகுதான். நம் கரைக்கு உதவுவது இந்த உடைசல் புத்தகங்களே.

காரணம், ஓட்டின் பெறுமதி அது கிடந்த இடத்தில் இருக்கிறது. எந்த மண்படையில், எந்தக் காசுக்கும் மணிக்கும் பக்கத்தில் கிடந்தது என்று தெரியாவிட்டால் அது எப்போது இங்கே வந்தது என்று சொல்ல வழியில்லை. அதனால் களப்போரத்தில் ஒன்று கண்ணில் பட்டால் பொறுக்கிப் பையில் போடாமல், படம் எடுத்து, இடத்தைக் குறித்து, தொல்பொருள் திணைக்களத்துக்கு அறிவியுங்கள். 1940ஆம் ஆண்டின் தொல்பொருள் கட்டளைச் சட்டம் இன்றும் நடைமுறையில் இருக்கிறது.